கடைசி வரை சின்னப் படம் எடுத்தவர்

அமெரிக்கப் பட இயக்குநர் ஜார்ஜ் கூச்சாரைப் பற்றி எழுத வேண்டும் என்று ரொம்ப நாளாக மனதில் இருக்கிறது. அமெரிக்க அண்டர்கிரவுண்ட் சினிமா, அதாவது ஸ்டூடியோக்களுக்கு வெளியே சொந்தக் காசில் எடுத்த சோதனைப் படங்கள் என்று பேச்சு வந்தால் ஆண்டி வார்ஹோல், கென்னத் ஆங்கர், ஸ்டான் பிராக்கேஜ், மாயா டெரன் என்று நம் ஆட்கள் மளமளவென்று சொல்லிவிடுவார்கள். கூச்சார் பெயர் வராது. வந்தாலும் ‘டைரக்டர் ஜான் வாட்டர்ஸுக்குப் பிடித்த ஆளாமே’ என்பதோடு முடிந்துவிடும். எனக்கு இது பெரிய ஆற்றாமை. ஏனென்றால் கையில் காசில்லாமல் படம் எடுப்பது எப்படி, அதையும் இளமை வேகத்தில் ஒன்றிரண்டு எடுத்துவிட்டு ஓய்ந்துபோகாமல் ஆயுள் முழுக்க எடுத்துக்கொண்டே இருப்பது எப்படி என்று இந்த மனிதரைப்போல வாழ்ந்து காட்டியவர் வேறு யாரும் என் கண்ணில் படவில்லை. 1954இல் சின்னப் பையனாக ஆரம்பித்தவர் 2011 செப்டம்பரில் சாகும்வரை நிறுத்தவில்லை. படங்களும் வீடியோக்களுமாக இருநூறைத் தாண்டும்.

நான் வீடியோ எடிட்டிங் செய்து பிழைக்கிறவன். கல்யாணம், காதுகுத்து, கம்பெனி விழா என்று எது வந்தாலும் செய்வேன். ராத்திரியில் எனக்காகச் சிலது எடுப்பேன். பார்க்கிறவர்கள் எல்லாரும் கேட்கிற கேள்வி ஒன்றுதான்: ‘சரி, அடுத்து பெரிய படம் எப்போ?’ கூச்சாரைப் பிடித்துக்கொண்டதற்கு அந்தக் கேள்வியும் ஒரு காரணம். அவர் வாழ்க்கையில் அந்தக் கேள்விக்கே வேலை இல்லை. சின்னப் படம் என்பது பெரிய படத்துக்குப் போகிற படிக்கட்டு என்று அவர் ஒருநாளும் நினைத்ததாகத் தெரியவில்லை. அவருக்கு அதுதான் படம்.

பிறந்தது 1942 ஆகஸ்ட் 31, நியூயார்க்கில். இரட்டைப் பிள்ளைகள், கூடப் பிறந்தவர் மைக். வளர்ந்தது பிராங்ஸ் பகுதியில், அப்பா லாரி ஓட்டுநர். சகோதரர்கள் இருவருக்கும் தியேட்டர்தான் கதி. ஹாலிவுட் டைரக்டர் டக்ளஸ் சர்க்கின் கண்ணீர்க் கதைகள், பூதம் பிசாசுப் படங்கள், ரோமாபுரி ராஜா கதைகள், எது ஓடினாலும் போய் உட்கார்ந்துவிடுவார்கள். இதைக் கவனிக்க வேண்டும். அந்தக் காலத்து அண்டர்கிரவுண்ட் கலைஞர்களில் நிறைய பேர் ஹாலிவுட்டை வெறுத்து வெளியே வந்தவர்கள். கூச்சார் சகோதரர்கள் ஹாலிவுட் மேல் உயிரையே வைத்திருந்தவர்கள். அந்தப் படங்களை அவர்களும் எடுக்க ஆசைப்பட்டார்கள், பிராங்ஸ் அடுக்குமாடி வீட்டில், பக்கத்து வீட்டுக்காரர்களை வைத்து, அம்மாவின் துணிமணிகளைப் போட்டு. அவ்வளவுதான் வித்தியாசம்.

பன்னிரண்டாவது பிறந்தநாளுக்கு ஒரு 8 மி.மீ. கேமரா வந்தது. ஆரம்ப காலப் படம் ஒன்றைப் பற்றி ஜார்ஜே எழுதியிருக்கிறார். மொட்டை மாடியில் அம்மாவின் இரவு உடையை எடுத்து ஸ்திரீபார்ட் வேடம் கட்டிப் படம் பிடித்திருக்கிறார்கள். மானத்தை வாங்கியதற்கும் உடையை அழுக்காக்கியதற்கும் சேர்த்து அம்மா வெளுத்து வாங்கிவிட்டாராம். பன்னிரண்டு வயது டைரக்டருக்கு நிஜப் பெண் பிள்ளைகள் நடிக்கக் கிடைப்பது எவ்வளவு கஷ்டம் என்று அம்மாவுக்குத் தெரியவில்லை என்பது அவருடைய குறை. இந்த மனோபாவம் எனக்கு ரொம்பப் பிடிக்கும். அடி வாங்கியது பெரிய விஷயமாகத் தெரியவில்லை, நடிகை கிடைக்காததுதான் பிரச்சினை.

8 மி.மீ. பிலிம் என்பது என்ன என்று இன்றைக்கு ஃபோனில் எடுப்பவர்களுக்குக் கொஞ்சம் சொல்ல வேண்டும். அந்தச் சுருள் உண்மையில் 16 மி.மீ. அகலம், 25 அடி நீளம். ஒரு பாதி ஓடி முடிந்ததும் இருட்டான இடத்தில் கேமராவைத் திறந்து, சுருளைத் திருப்பிப் போட்டு, மறு பாதியை எடுக்க வேண்டும். லேபில் கழுவி, நடுவே இரண்டாகக் கிழித்து ஒட்டித் தருவார்கள். மொத்தமும் ஓடினால் நாலு நிமிஷம் வரும். நெகட்டிவ் கிடையாது. கேமராவுக்குள் போன பிலிமேதான் திரையில் ஓடுகிற பிலிமும், ஆகவே வெட்டினால் வெட்டினதுதான், கீறல் விழுந்தால் விழுந்ததுதான். ஒலியை அதில் பதிய முடியாது. டேப் ரெக்கார்டரில் வசனத்தையும் ஹாலிவுட் இசைத்தட்டுகளிலிருந்து எடுத்த இசையையும் பதிந்து புரொஜெக்டரோடு சேர்த்து ஓட்டிவிட வேண்டும், இரண்டும் ஒன்றாகப் போகும் என்று நம்பிக்கொள்ள வேண்டும். பள்ளிக்கூடப் பிள்ளைகளாக இருந்த கூச்சார்கள் இதை வைத்துக்கொண்டு வெள்ளத்தில் மூழ்கும் சாம்ராஜ்யம், புயலில் சிக்கும் ஊர், கள்ளக் காதல், கொலை என்று எல்லாவற்றையும் எடுத்தார்கள். செலவைக் காரணம் காட்டிக் கதையைச் சுருக்கவே இல்லை.

நியூயார்க்கில் அப்போது 8 மி.மீ. ஆர்வலர்களுக்கு ஒரு சங்கம் இருந்தது. கோட்டு சூட்டு போட்ட பெரியவர்கள் விடுமுறைக்குப் போன இடங்களின் படங்களைப் போட்டுக் காட்டுகிற இடம். அங்கே போய் இந்தப் பையன்கள் தங்கள் காமமும் ரத்தமும் நிறைந்த கதைகளைப் போட்டுக் காட்டினால் எப்படி இருந்திருக்கும்! முகம் சுளித்துவிட்டார்கள். அப்புறம் அறுபதுகளின் ஆரம்பத்தில் சோதனைப் படங்கள் எடுத்த கென் ஜேக்கப்ஸின் மன்ஹாட்டன் வீட்டு மாடியில் நடந்த திரையிடல்களுக்குப் போய்ச் சேர்ந்தார்கள், அங்கே கதவு திறந்தது. ஜேக்கப்ஸ் வழியாக, படம் எடுப்பவரும் விமர்சகருமான ஜோனஸ் மேக்கஸுக்குத் தெரிந்தது. மேக்கஸ் ‘வில்லேஜ் வாய்ஸ்’ பத்திரிகையில் எழுதிய பத்தியில் இவர்களைப் பற்றிச் சொன்னார். பிராங்ஸ் பையன்கள் இரண்டு பேர் திடீரென்று ஒரு இயக்கத்தின் உள்ளே இருந்தார்கள்.

அந்த இயக்கத்தின் முதுகெலும்பு 1962இல் மேக்கஸும் மற்றவர்களும் ஆரம்பித்த ஃபிலிம்-மேக்கர்ஸ் கோஆபரேடிவ். அதன் விதி எளிமையானது. யார் வேண்டுமானாலும் தன் படத்தின் பிரதியைக் கொண்டுவந்து வைக்கலாம். நல்லது கெட்டது என்று தேர்வு செய்ய ஒருவரும் இல்லை. கல்லூரியோ ஃபிலிம் கிளப்போ வாடகைக்குக் கொண்டுபோனால் வாடகையில் பெரும்பங்கு படம் எடுத்தவருக்கே போகும். படம் எடுத்தவரின் உரிமையும் எங்கும் போகாது. தேர்வுக் குழு என்ற ஒன்று இருந்திருந்தால் கூச்சார்களின் படங்கள் எந்த வாசலிலாவது நின்றுபோயிருக்கும் என்று நான் நிச்சயமாக நம்புகிறேன். ரசனையில்லாத படங்கள், அசிங்கமான படங்கள், அமெச்சூர் வேலை, இதில் ஏதாவது ஒரு பெயர் போதும் திருப்பி அனுப்ப.

அறுபதுகளின் நடுவில் சகோதரர்கள் முழு அகலத்திலும் படம் பதிகிற 16 மி.மீ. பிலிமுக்கு மாறினார்கள், தனித்தனியாக இயக்கவும் ஆரம்பித்தார்கள். மைக் எடுத்தது 1965இல் வந்த ‘சின்ஸ் ஆஃப் தி ஃப்ளெஷபாய்ட்ஸ்’. எதிர்காலத்தில் மனிதர்களுக்குச் சேவை செய்யும் இயந்திரப் பணியாட்கள் காதலில் விழுகிற கதை, ஜார்ஜும் அதில் நடித்திருக்கிறார். மைக்கைப் பற்றித் தனியாகத்தான் எழுத வேண்டும், இங்கே முடியாது. ஜார்ஜின் படத்துக்கு வருகிறேன்.

‘ஹோல்ட் மீ வைல் ஐ ஆம் நேக்கட்’, 1966. பதினேழு நிமிஷத்துக்குள் முடிந்துவிடும். அவருடைய ஒரே ஒரு படத்தைப் பார்க்கச் சொன்னால் இதைத்தான் சொல்வேன். கதை இதுதான்: ஒரு இளம் டைரக்டர், ஜார்ஜே நடித்திருக்கிறார், ஒரு காதல் படம் எடுத்துக்கொண்டிருக்கிறார். கதாநாயகியாக டோனா கெர்னெஸ், பள்ளிக்காலத் தோழி, அவர்களின் ஆரம்பப் படங்களிலிருந்தே கூட இருந்தவர். ஒவ்வொரு காட்சியிலும் உடம்பைக் காட்டிக்கொண்டே இருப்பது போதும் போதும் என்று நாயகி விலகிவிடுகிறார். டைரக்டர் தனியாக நிற்கிறார்.

ஒரு காட்சியில் வண்ணக் கண்ணாடி ஜன்னல் ஒன்றின் முன்னால் நாயகியை நிறுத்தி எடுத்துக்கொண்டிருக்கிறார். நாயகி பிரா போட்டிருக்கிறார். டைரக்டருக்கு அது உறுத்துகிறது. வண்ணக் கண்ணாடியின் ஆன்மிகமும் அந்த உள்ளாடையின் அசிங்கமும் ஒன்றோடொன்று ஒத்துப்போகவில்லை, அதைக் கழற்றிவிடுங்கள் என்று ரொம்பத் தீவிரமான முகத்தோடு சொல்கிறார். முதலில் பார்த்தபோது விழுந்து விழுந்து சிரித்தேன். ஆனால் அந்த முகத்தைப் பாருங்கள். கலைக்காகத்தான் கேட்கிறேன் என்று அந்த இளைஞன் நிஜமாகவே நம்புகிறான், அதே சமயம் அவனுக்குள் இருக்கிற தவிப்பும் நமக்குத் தெரிகிறது. டைரக்டர் என்கிற அதிகாரத்துக்குப் பின்னால் ஒளிந்திருக்கிற ஆசையைத் தானே முன்னால் நின்று, தன் உடம்பையும் முகத்தையும் கொடுத்துக் காட்டிவிடுகிற துணிச்சல் இது. அறுபதுகளில் நிர்வாணத்தை வைத்துப் படம் எடுத்தவர்கள் எத்தனையோ பேர், இதை ஒத்துக்கொண்டவர்கள் ரொம்பக் குறைவு.

அப்புறம் குளியலறை. நாயகியும் அவர் காதலனும் ஷவரில் கட்டிப்பிடித்துக்கொண்டிருக்கிறார்கள், அங்கிருந்து வெட்டினால் ஜார்ஜ் தன் வீட்டுக் குளியலறையில் தனியாகத் தண்ணீரில் நிற்கிறார். அங்கே, இங்கே, அங்கே, இங்கே. வேறு விளக்கம் எதுவும் கிடையாது. தனிமையை எடிட்டிங்கில் இவ்வளவு நேரடியாகச் சொன்ன இடம் எனக்கு வேறு நினைவுக்கு வரவில்லை, இது என் தொழில் என்பதால் கொஞ்சம் அடித்துச் சொல்கிறேன். வெளியே அம்மாவின் குரல், எவ்வளவு நேரம் உள்ளேயே இருப்பாய் என்று. கடைசியில் சாப்பாட்டு மேஜை. அம்மா தட்டில் போட்டதைத் தின்கிறார். கேமராவைப் பார்த்து, வாழ்வதற்கு இந்த உலகத்தில் எவ்வளவோ இருக்கிறது, இல்லையா என்று கேட்கிறார். முடிந்தது.

இந்தப் படத்தில் வருகிற நிறங்களைப் பற்றியும் சொல்ல வேண்டும். காசில்லாதவன் படம் என்றால் மங்கலாக, கறுப்பு வெள்ளையில், நடுங்குகிற கேமராவோடு இருக்கும் என்று ஒரு நினைப்பு இருக்கிறதல்லவா? இவர் படத்தில் சிவப்பு சிவப்பாகவே இருக்கும், நீலம் கொட்டும். ஒரு சாதாரண வீட்டு அறையில் நாலு விளக்கை வைத்து, வண்ணத்தாளை மாட்டி, நடிகையின் புருவத்தைக் கன்னங்கரேலென்று தடிமனாக வரைந்து, கேமராவைத் தரையோரமாக வைத்துக் கோணம் பார்த்தால், அந்தப் பெண் சாதாரண ஆளாகத் தெரிய மாட்டார், நட்சத்திரமாகத் தெரிவார். வாழ்நாள் முழுக்க அவர் செய்த வேலை இதுதான். குண்டானவர்கள், வயதானவர்கள், முகப்பரு உள்ளவர்கள், வசனமே பேச வராதவர்கள், எல்லாரையும் நட்சத்திரங்களுக்குப் போடுகிற வெளிச்சத்தில் நிறுத்தினார். கேலி செய்வதற்காகச் செய்தார் என்று சில விமர்சகர்கள் நினைக்கிறார்கள். எனக்கு அப்படித் தோன்றவில்லை. கேலி செய்கிறவன் அந்த வெளிச்சத்துக்கு அவ்வளவு மெனக்கெட மாட்டான்.

பிழைப்புக்கு? கலைத்தொழில் சொல்லித்தரும் பள்ளியில் படித்து முடித்து மன்ஹாட்டனில் கமர்ஷியல் ஆர்ட் வேலை. அதில் முக்கியமாக, உள்ளூர் டிவி செய்திக்காக வானிலை வரைபடம் வரைவது. பிற்பாடு இது எங்கே போய்ச் சேர்ந்தது என்று சொல்கிறேன், ஆச்சரியமாக இருக்கும். அந்த வேலை போனபிறகு மறுபடி அந்தப் பக்கம் போகவே இல்லை.

1971இல் சான் பிரான்சிஸ்கோ ஆர்ட் இன்ஸ்டிட்யூட்டில் பாடம் எடுக்கக் கூப்பிட்டார்கள். போனவர் நாற்பது வருஷம் அங்கேயே இருந்துவிட்டார். தியரி, வரலாறு, ஷாட் பிரிப்பது என்று வகுப்பு நடத்தவில்லை. மாணவர்களைக் கூட்டிவைத்து ஒவ்வொரு பருவத்திலும் ஒரு படம் எடுப்பார், அதுவே வகுப்பு. ‘ஏசி/டிசி சைக்கோட்ரானிக் டெலிப்ளேஸ்’ என்று அந்த வகுப்பு ஒன்றுக்குப் பெயர். மாணவர்களே நடிப்பார்கள், விளக்குப் பிடிப்பார்கள், செட்டு கட்டுவார்கள், மேக்கப் போடுவார்கள், வசனத்தை அன்றன்றைக்கு இவர் எழுதிக்கொண்டு வருவார். அவருடைய படைப்பு, மாணவர்களின் பயிற்சி, கல்லூரியின் பாடத்திட்டம் மூன்றும் ஒரே வேலையில் முடிந்துவிடும். சம்பளம் வருகிறது, கேமரா இருக்கிறது, ஆள் இருக்கிறது, இடம் இருக்கிறது, வருஷத்துக்கு இரண்டு மூன்று படம் தானாக வந்துவிடுகிறது. காசுக்காக ஒரு வேலை, கலைக்காக ஒரு வேலை என்று பிரித்துக்கொண்டு அல்லாடுகிற எங்களைப் போன்றவர்களுக்கு இதைப் பார்த்தால் பெருமூச்சு வரும்.

அந்த வகுப்பறையின் நெருப்பு ‘ஐ, ஆன் ஆக்ட்ரஸ்’ என்ற படத்தில் அப்படியே இருக்கிறது. 1977, பத்து நிமிஷம்கூட வராது, கறுப்பு வெள்ளை. நடிப்பு வாய்ப்பு தேடுகிற ஒரு மாணவிக்கு ஸ்க்ரீன் டெஸ்ட், அதாவது நடிப்பைக் காட்டுகிற சோதனைப் படப்பிடிப்பு, எடுத்துக் கொடுப்பதுதான் நோக்கம். எதிரில் ஆண் பாத்திரம் நிற்க வேண்டிய இடத்தில் ஒரு பொம்மை உருவம். மாணவி வசனத்தைப் பேச ஆரம்பிக்கிறார். ஜார்ஜுக்குப் போதவில்லை. ஓடிவந்து, இப்படிப் பண்ணு, இப்படி உதை, தரையில் இப்படி விழு என்று தானே செய்து காட்டுகிறார், மறுபடியும் வருகிறார், மறுபடியும் செய்து காட்டுகிறார். ஸ்க்ரீன் டெஸ்ட்டு யாருக்கு என்பதே மறந்துபோய்விடுகிறது. மாணவிக்குச் சிரிப்பை அடக்க முடியவில்லை. இவருக்கோ அது விளையாட்டே இல்லை, ஒரு பெண் ஒரு ஆணிடம் தன் இருபது வருஷக் கோபத்தைக் கொட்டுகிற இடத்தில் உடம்பு எப்படி இருக்க வேண்டும் என்பது வாழ்வா சாவா பிரச்சினை. நான் பார்த்த நடிப்புப் பாடங்களில் இதுதான் உசத்தி.

அவரிடம் மாணவராக வந்தவர்களில் முக்கியமானவர் கர்ட் மெக்டவல். மாணவர், பிறகு நண்பர், காதலர். மெக்டவல் இயக்கி 1975இல் வந்த ‘தண்டர்கிராக்’ படத்துக்குத் திரைக்கதை ஜார்ஜ்தான். புயல் இரவு, தனிமையான பழைய வீடு, வந்து ஒதுங்குகிற வழிப்போக்கர்கள் என்று ஒரு திகில் கதை, இரண்டு மணி நேரத்துக்கும் மேல் ஓடும், வெளிப்படையான உடலுறவுக் காட்சிகள் நிறைய உண்டு, ஆகவே யாரோடு சேர்ந்து பார்க்கிறீர்கள் என்று யோசித்துக்கொள்ளுங்கள். ஜார்ஜ் அதில் சர்க்கஸ் லாரி ஓட்டுநராக வருகிறார், ஒரு கொரில்லாவைக் காதலிக்கிறவராக. எழுதிக் கேட்டால் அபத்தமாக இருக்கும், பார்த்தால் அந்தக் காதலுக்காக நாம் இரங்குவோம். மெக்டவல் 1987இல் எய்ட்ஸில் இறந்துபோனார். அவருடைய நோய்க்காலத்தை ஜார்ஜ் ஒரு வீடியோவில் பதிவு செய்திருக்கிறார். அதைப் பற்றி விரிவாகச் சொல்ல எனக்கு மனம் வரவில்லை, அது பார்க்க வேண்டியது.

வீடியோ என்று சொல்லிவிட்டேன். எண்பதுகளின் நடுவில் 8 மி.மீ. வீடியோ கேம்கார்டர் (பிலிம் இல்லாமல் டேப்பில் பதிகிற கைக் கேமரா) வந்ததும் ஜார்ஜ் பிலிமை விட்டுவிட்டு அதற்குத் தாவினார். அண்டர்கிரவுண்ட் சினிமா உலகத்தில் அப்போது பிலிம் என்றால் ஒரு புனிதம். வீடியோ என்பது கல்யாண வீட்டுக்காரர்கள் வைத்திருக்கிற சாமான். அந்த நாட்களில் பிலிம் விலையும் லேப் செலவும் ஏறிக்கொண்டே போனது, கூடப் படம் எடுத்தவர்கள் இரண்டு வருஷம் மூன்று வருஷம் என்று காத்திருந்து ஒரு படம் எடுத்துக்கொண்டிருந்தார்கள். இவர் காத்திருக்கவில்லை. டேப்பு மலிவு, கையோடு ஒலியும் பதிவாகிறது, போட்டு உடனே பார்க்கலாம். எடிட்டிங் ரூம்கூட வேண்டாம் என்று, எடுக்கும்போதே வரிசையாக எடுத்து, பின்னால் தேவைப்படுகிற ஷாட்டை ஏற்கெனவே பதிந்ததன் நடுவில் சரியான இடம் பார்த்து மேலேயே பதிந்துவிடுவார். ஒரு நொடி தப்பினால் பழைய காட்சி அழிந்துபோகும். கம்ப்யூட்டரில் தப்பு செய்தால் ‘அன்டூ’ அழுத்திப் பழையபடி ஆக்கிக்கொண்டு வாழ்கிற எனக்கு நினைத்தாலே வயிற்றைக் கலக்குகிறது.

இப்போது அந்த வானிலை வரைபடத்துக்கு வருவோம். புயல் மேல் ஜார்ஜுக்குச் சின்ன வயதிலிருந்தே ஒரு பித்து. அமெரிக்காவின் நடுவில் ஒக்லஹோமா மாநிலம் சூறாவளிக்குப் பேர்போனது, மே மாதம் உச்சம். அங்கே எல் ரீனோ என்று ஒரு சின்ன ஊர். அங்கே ஒரு மலிவு மோட்டல், சாலையோர விடுதி. வருஷா வருஷம் மே மாதத்தில் அங்கே போய் அறை எடுத்துத் தங்கிவிடுவார், சூறாவளியைப் பார்க்க. 1977இல் ‘வைல்ட் நைட் இன் எல் ரீனோ’ என்று பிலிமில் ஒரு குட்டிப் படம் எடுத்தார், வசனமே இல்லை, இடியும் மின்னலும் மழையும் மட்டும். கேம்கார்டர் கைக்கு வந்தபிறகு 1986இல் ‘வெதர் டைரி 1’ வந்தது, அப்புறம் தொடர் தொடராக வந்துகொண்டே இருந்தது, சாகிற காலம் வரை.

‘வெதர் டைரி 1’ஐப் பற்றிச் சொன்னால் இதில் என்ன இருக்கிறது என்று கேட்பீர்கள். ஒரு ஆள் மோட்டல் அறையில் உட்கார்ந்து டிவியில் வானிலைச் செய்தி பார்க்கிறார். சூறாவளி எச்சரிக்கை ஓடுகிறது, எங்கேயோ பக்கத்து மாவட்டத்தில். ஜன்னல் வழியாக வானத்தைப் பார்க்கிறார். மேகம் கூடுகிறது, கலைகிறது. எதையாவது சூடாக்கித் தின்கிறார், வயிறு கெடுகிறது, கழிப்பறைக்குப் போகிறார், அதையும் காட்டுகிறார். வாசலில் திரிகிற நாயோடு பேசுகிறார். மறுபடி டிவி. சூறாவளி வரவில்லை. ஒரு மணி நேரத்துக்கும் மேலாக இப்படியே. முதல் அரைமணி நேரம் பொறுமை வேண்டும், அதை நான் மறைக்கவில்லை. ஆனால் அதைத் தாண்டிவிட்டால் என்னவோ நடக்கிறது. காத்திருப்பது என்பது எப்படி இருக்கும், அழிவு வந்தாலும் வரலாம் என்று தெரிந்தும் முட்டையைப் பொரித்துத் தின்றுகொண்டிருக்கிற மனித வாழ்க்கை எப்படி இருக்கும் என்பது உடம்புக்குள் இறங்குகிறது. டிவியில் அந்த வரைபடங்கள் வருகிற ஒவ்வொரு முறையும், இதே மாதிரி வரைபடங்களை ஒருகாலத்தில் கையால் வரைந்து வயிறு கழுவியவர்தான் இப்போது அறைக்குள் தனியாக உட்கார்ந்து பார்க்கிறார் என்று எனக்கு நினைவுக்கு வந்துகொண்டே இருந்தது.

தன் ஒரு நாளைத் தானே கேமராவில் பேசிக்கொண்டே பதிவு செய்வது இன்றைக்கு எல்லார் கையிலும் இருக்கிற பழக்கம். கூச்சார்தான் அதற்கு முன்னோடி என்று சிலர் எழுதுகிறார்கள். காலத்தை வைத்துப் பார்த்தால் சரிதான், ஆனால் எனக்கு முழுச் சம்மதம் இல்லை. இன்றைய வீடியோக்களில் பேசுகிறவர் தன்னை நன்றாகக் காட்டிக்கொள்ளப் பார்க்கிறார். இவர் தன் தொந்தியை, ஏப்பத்தை, யாரும் கூட இல்லாத படுக்கையை, ஒரு ஆள் மேல் வந்த ஆசையை, அது நடக்காமல் போனதை எல்லாம் காட்டிவிட்டு, அதற்குப் பின்னணியில் பிரமாண்டமான ஹாலிவுட் இசையைப் போடுகிறார். மோட்டல் அறையிலும் அவர் எடுத்துக்கொண்டிருந்தது டக்ளஸ் சர்க் படம்தான், நாயகி வராததால் நாயகியும் அவரே.

எல்லாம் நல்ல படங்கள் என்று சொல்ல மாட்டேன். இருநூறு எடுத்தால் அப்படி இருக்காது. வகுப்பறைப் படங்களில் பாதி, அந்தக் கூட்டத்தில் இருந்தவர்களுக்குத்தான் சுவாரசியம். சில வீடியோக்களில் ஒரே நகைச்சுவை திரும்பத் திரும்ப வரும். அதைப் பற்றி அவர் கவலைப்பட்டதாகவும் தெரியவில்லை, ஒன்று முடிந்தால் அடுத்தது. ஒரு படம் தோற்றால் ஐந்து வருஷம் வீட்டில் உட்கார வேண்டிய தொழிலில், தோற்பதற்கு இப்படி ஒரு வசதி செய்துவைத்துக்கொண்டார் பாருங்கள், அங்கேதான் அவருடைய கெட்டிக்காரத்தனம் இருக்கிறது. படத்தின் செலவு தன் சட்டைப்பையைத் தாண்டாமல் பார்த்துக்கொண்டார். அதனால் அவரை வேண்டாம் என்று சொல்கிற இடத்தில் ஒருவரும் இருக்கவில்லை. பெரிய படம் எடுக்கத் தெரியாமலோ பயந்தோ செய்ததல்ல இது. பெரிய படம் வந்தால் கூடவே வருகிற காத்திருப்பும் கெஞ்சலும் அவருக்கு வேண்டாம்.

மரியாதை வராமலும் இல்லை. ஜான் வாட்டர்ஸ் தனக்கு முதல் உந்துதல் கூச்சார் சகோதரர்கள்தான் என்று வெளிப்படையாகச் சொல்லியிருக்கிறார். 1997இல் சகோதரர்கள் இருவரும் சேர்ந்து எழுதிய நினைவுக் குறிப்புகளுக்கு முன்னுரையும் அவர்தான் எழுதினார். ஆர்ட் ஸ்பீகல்மேனும் பில் கிரிஃபித்தும் நடத்திய ‘ஆர்கேட்’ காமிக்ஸ் பத்திரிகையில் ஜார்ஜ் காமிக்ஸ் வரைந்தார். 8 மி.மீ. காலத்துப் படங்களை நியூயார்க்கின் ஆன்தாலஜி ஃபிலிம் ஆர்கைவ்ஸ் மீட்டெடுத்துப் பாதுகாத்து வைத்திருக்கிறது. நெகட்டிவ் இல்லாத, ஒரே ஒரு பிரதி மட்டும் இருந்த படங்கள் அவை என்று முன்னால் சொன்னேனே, அதனால் இந்த வேலையின் அருமை புரியும். 2009இல் ஜெனிஃபர் க்ரூட் என்ற அவருடைய முன்னாள் மாணவி ‘இட் கேம் ஃப்ரம் கூச்சார்’ என்று இரு சகோதரர்களையும் பற்றி ஆவணப்படம் எடுத்தார். புதிதாக வருகிறவர்களுக்கு நல்ல வாசல் அது.

2011 செப்டம்பர் 6, சான் பிரான்சிஸ்கோவில், புற்றுநோயால் இறந்தார். வயது 69. அடுத்த மாதமே நியூயார்க்கின் மோமா பிஎஸ்1 அருங்காட்சியகத்தில் அவருக்குக் கண்காட்சி. அவர் நாற்பது வருஷம் பாடம் நடத்திய அந்தக் கலைக்கல்லூரி 2022இல் பணமில்லாமல் மூடப்பட்டது. அந்தச் செய்தியைப் படித்தபோது முகம் தெரியாத அந்த மாணவர்களையெல்லாம் நினைத்துக்கொண்டேன், அவரிடம் புருவம் வரைந்துகொண்டவர்கள், விளக்குப் பிடித்தவர்கள்.

பார்க்க நினைக்கிறவர்கள் ‘ஹோல்ட் மீ’யில் ஆரம்பியுங்கள், அன்றைக்கே ‘ஐ, ஆன் ஆக்ட்ரஸ்’ஸும் பார்த்துவிடலாம், இரண்டும் சேர்ந்து அரைமணி நேரம்கூட ஆகாது. ‘வெதர் டைரி’யை அவசரமில்லாத ஒரு ராத்திரிக்கு வைத்துக்கொள்ளுங்கள், மழை பெய்தால் ரொம்ப நல்லது. ‘தண்டர்கிராக்’ கடைசியாக. பார்த்துவிட்டு யாராவது ஏதாவது எடுத்தீர்கள் என்றால், ஃபோனில் எடுத்தாலும் சரி, எனக்கு அனுப்புங்கள். நிச்சயம் பார்க்கிறேன்.